அண்ணாவின் இசையில் நான் அடிக்காமல் விட்டது

கனடாவில், மில்லிக்கனில், அண்ணாவின் கடைசி இசையை வாசித்த அன்று அந்தத் தேவாலய மண்டபத்தில் இருந்தவர்கள் பதினொரு பேர். முன்வரிசையில், சக்கர நாற்காலியில் அண்ணா. அவருக்குப் பக்கத்தில் என் கணவர். மகள் ஆரணி. தந்தி வாத்தியக்காரர் நால்வர். அமெரிக்காவில் அண்ணாவிடம் படித்த டேனியல், ஒலிப்பதிவுக் கருவியோடு. செத்தவீடுகளுக்குச் சேமக்கலம் கொண்டுபோகும் சிவம் அண்ணை. மண்டபத்துத் திறப்பு வைத்திருந்த வெள்ளைக்கார அம்மா. பிறகு நான். அண்ணாவின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு வந்து இந்த நினைவு மலரைக் கையில் எடுப்பவர்கள் இதை முதலில் அறியவேண்டும். அன்று ஒரு பிழை நடந்தது. செய்தவள் நான்.

அண்ணா நீர்வேலியில் ஐந்து பிள்ளைகளில் மூத்தவராகப் பிறந்தார். நான் கடைசி. மிஷன் பள்ளிக்கூடத்து ஓர்கனில் ஒரு பாதிரியார் அவருக்கு மேல்நாட்டு இசை பழக்கினார். உதவிப்பணம் கிடைத்து அமெரிக்கா போனார். முதல் வருடங்களில் வீடு வீடாகப் போய்ப் பியானோ சுருதி கூட்டித்தான் சாப்பிட்டார். பின்பு ஒஹாயோவில் ஒரு சிறிய கல்லூரியில் ஓய்வு பெறும்வரை படிப்பித்தார். கல்யாணம் செய்யவில்லை. விடிய எழும்பி, பென்சிலால் எழுதி, பின்னேரம் அழித்து, அடுத்த நாள் திரும்ப எழுதுவார். எங்கள் ஆட்கள் அவரிடம் கேட்பது ஒன்றுதான்.

"எந்தப் படத்துக்கு மியூசிக் போட்டனீங்கள்?"

"இன்னும் எடுக்காத படத்துக்கு," என்பார்.

ஒருமுறை அங்கே பெரிய மண்டபம் ஒன்றில் அறுபது பேர் சேர்ந்து அவருடைய இசையை வாசித்தார்கள். அந்த நிகழ்ச்சித் தாளில் அவருடைய பெயருக்குக் கீழே 'அமெரிக்க இசையமைப்பாளர்' என்று போட்டிருந்தது. நான் எட்டாம் வகுப்போடு நின்றவள். அந்த ஒரு வரியை ஆரணியைக் கொண்டு மூன்று தரம் வாசிப்பித்தேன்.

இதயம் பழுதானபடியால் போன வருடம் அண்ணா மல்வேர்னில் எங்கள் வீட்டுக்கு வந்தார். நான் எதற்கும் பயப்படுகிற ஆள். ரெலிபோன் அடித்தால் யாரோ போய்விட்டார்கள் என்றுதான் நினைப்பேன். காலையில் வேலைக்கு வெளிக்கிட முன் அவருடைய அறை வாசலில் நின்று போர்வை ஏறி இறங்குகிறதா என்று பார்ப்பேன்.

"என்ன பிள்ளை, மூச்சை எண்ணுறியோ?"

"இல்லை அண்ணா, தேத்தண்ணி வேணுமோ எண்டு பாத்தனான்."

"எண்ணி முடிச்சிட்டுக் கொண்டுவா."

அந்த அறையில்தான் கடைசி இசையை எழுதினார். சண்டைக் காலத்தில், எங்களைப் பெற்ற ஐயா காலமானபோது அண்ணாவால் ஊருக்கு வர முடியவில்லை. செத்தவீட்டை ஒரு கசெட்டில் பதிந்து நான்தான் அனுப்பினேன். "எல்லாரும் அழுகிறீங்கள். எனக்குக் கேட்டது சேமக்கலம் மட்டும்தான்," என்று இத்தனை வருடம் கழித்துச் சொன்னார். அதனால் நாலு தந்தி வாத்தியங்களோடு ஒரு சேமக்கலம் வேண்டும் என்றார். எங்கள் செத்தவீடுகளில் சங்கோடு சேர்த்து அடிக்கிற அந்த வட்ட வெண்கலத் தட்டைத்தான் கேட்டார்.

வருத்தக்காரர் இருக்கிற வீட்டுக்குள் அதைக் கொண்டுவருவதா? கிடைக்கவில்லை என்று பொய் சொன்னேன். சாமியறைப் பித்தளைத் தாம்பாளத்தை அகப்பைக் காம்பால் தட்டிக் காட்டினேன்.

"உதிலை வெத்திலை வை," என்றார் அண்ணா. "எனக்குச் சேமக்கலம் கொண்டுவா."

வேறு வழியில்லாமல் சிவம் அண்ணையிடம் போனேன். அவரையே வந்து அடிக்கச் சொன்னேன்.

"உயிரோட இருக்கிற ஆளுக்கு நான் அடிக்கமாட்டன் பிள்ளை. சாமானைத் தாறன், கையைத் தரமாட்டன்."

கூலிக்கு ஒரு மேளக்காரனைப் பிடிப்போம் என்றால் அண்ணா விடவில்லை. "அவன் வடிவா அடிப்பான். எனக்கு வடிவு வேண்டாம். நீ அடி." என் கணவர் தலையில் கைவைத்தார். "பொம்பிளை சேமக்கலம் அடிக்கிறதை நான் கனடாவிலைதான் பாக்கவேணும் எண்டு எழுதியிருக்கு." நான் அதை வீட்டுக்குள் எடுக்கவில்லை. பழைய சீலையில் சுற்றிக் காரின் பின்பெட்டியிலேயே வைத்திருந்தேன். ஒத்திகைக்கு மண்டபத்துக்கே கொண்டுபோய்த் திரும்பக் கொண்டுவந்தேன்.

மொத்தம் ஒன்பது அடி. எனக்கு இசை எழுத்துத் தெரியாதபடியால், பெரிய வயலின் வாசிக்கிறவள் தலையை ஆட்டும்போது அடிக்கவேண்டும். ஒன்பதாவதோடு எல்லோரும் வில்லை எடுத்துவிட வேண்டும். வெண்கலத்தின் சத்தம் தானாக அடங்குவதுதான் முடிவு. 'இதோடு முடிந்தது' என்று ஆரணி சொன்ன நாளிலிருந்து அந்த ஒன்பதாவது அடிக்குத்தான் பயந்தேன்.

அன்று எட்டு அடியும் சரியாக விழுந்தது. ஒவ்வொரு அடிக்கும் அண்ணாவைப் பார்த்தேன். கண்ணை மூடியிருந்தார். எட்டாவதுக்குப் பிறகு அவருடைய தலை ஒரு பக்கம் சரிந்தது. வயலின்காரி தலையை ஆட்டினாள். நான் அடிக்கவில்லை. அவள் திரும்பவும் ஆட்டினாள். தடியை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு நின்றேன். வில்லுகள் மேலே நின்றன. ஒரு சத்தமும் இல்லை. பிறகு கைதட்டினார்கள். அண்ணா கண்ணைத் திறந்தார்.

காரில் வரும்போது கேட்டார். "ஏன் பிள்ளை விட்டனி?"

"கை விறைச்சுப்போச்சுது அண்ணா."

"நீ அடிக்காட்டி நான் சாகமாட்டனோ?"

அதற்குப் பிறகு அவர் அந்தக் கதையை எடுக்கவில்லை. அன்றிலிருந்து பத்தொன்பதாம் நாள் காலை, நான் தேத்தண்ணியோடு போனபோது போர்வை அசையவில்லை.

எட்டாம் நாள் சடங்கான எட்டுச் செலவு முடிந்த கிழமை டேனியலிடமிருந்து கடிதம் வந்தது. இசையை அச்சுக்குக் கொடுக்கப்போகிறார், கடைசி அடியை எடுத்துவிடுகிறார். எழுதியவரே முன்னால் இருந்து கேட்டுவிட்டு ஒன்றும் சொல்லாததால் அதுதான் அவருடைய விருப்பமாக இருக்கும் என்று எழுதியிருந்தார். ஆரணி வாசித்துவிட்டு, "அம்மா, அந்த சைலன்ஸ்தான் மாஸ்டர்பீஸ் எண்டு சொல்லுறார். பெரிய மாமா ஜீனியஸ்!" என்றாள்.

எனக்கு அடுப்படியில் நிற்க ஏலவில்லை. சொன்னால், அண்ணன் ஆயுள் முழுக்க உழைத்ததைக் கடைசியில் தங்கச்சி கெடுத்தாள் என்று சனம் பேசும். சொல்லாவிட்டால், என் பயம் அண்ணாவின் பெயரில் அச்சாகிவிடும். அவர் ஒரு வரியை நாலு தரம் அழித்து எழுதுகிற ஆள். நான் நாலு நாள் சாப்பிடாமல் திரிந்தேன். ஐந்தாம் நாள் ஆரணியைப் பக்கத்தில் இருத்தி டேனியலுக்கு ரெலிபோன் எடுத்து எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கோபிக்கவில்லை. ஒன்பதும் அச்சில் வரும். ஆனால் ஒலிப்பதிவில் ஒரு அடியைத் தனியாக ஒட்ட முடியாதாம். நாலு பேரும் வந்து முதலிலிருந்து வாசிக்கவேண்டுமாம். அடிப்பது நான்தான். இப்போதும் பயம்தான், இனி யாருக்காகப் பயப்படுகிறேன் என்றுதான் தெரியவில்லை.

அண்ணாவைத் தூக்கி இருத்திய பக்கத்து வீட்டுத் தம்பிமார், வருத்தத்தில் பார்த்த தாதிகள், முப்பத்தொரு நாளும் சமைத்துத் தந்த அன்ரிமார், கிரியைக்கு ஒரு சதமும் வாங்காத சிவம் அண்ணை, எல்லோருக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. வாத்தியக்காரர் நாலு பேருக்கும், திரும்ப வந்து வாசிக்கப் பேசிய கூலியில் முன்பணம் கொடுத்துவிட்டேன். மற்றச் சகோதரங்கள் மிச்சத்தைத் தாங்கள் தருகிறோம் என்கிறார்கள். வேண்டாம், விட்டது நான். நான் இன்னும் கொடுக்க இருப்பது எண்ணூற்றைம்பது டொலர்.