கூரில் செல்வி அக்கா மாற்றிவைத்த போஸ்டர்

ஒக்டோபர் மாதத்துச் சனிக்கிழமை ஒன்றில் சுவிஸின் மலைநகரமான கூருக்குப் போனேன். மலை பார்க்க அல்ல, மொழிபெயர்க்க. மும்பையின் காமாத்திபுராவைச் 'சிவப்பு விளக்குப் பகுதி' என்றுதான் பத்திரிகைகள் எழுதும். அங்குள்ள பெண்கள் தாங்களே எடுத்த புகைப்படங்களுக்குக் கூரில் ஒரு கண்காட்சி. படங்களோடு வந்தவர் செல்வி அக்கா. சேலத்தில் பிறந்து, இருபது வருடம் காமாத்திபுராவில் தொழில் செய்தவர். அவருடைய தமிழை ஜெர்மன் மொழியில் சொல்ல ஆள் வேண்டும் என்று கூர் ஆஸ்பத்திரியில் வேலை செய்யும் என் சிநேகிதி கேட்டாள். "ஓம், வாறன்" என்றுவிட்டேன்.

நான் இருக்கிற டீட்டிகோனில் இருந்து சூரிச் போய் ரயில் மாறினால், கூர் ஒன்றே முக்கால் மணித்தியாலம். இடப்பக்கம் இருங்கோ. வழியில் வருகிற இரண்டு ஏரிகளும் அந்தப் பக்கம்தான்.

மண்டபக் கதவடியில் அக்கா நின்றுவிட்டார். போஸ்டரில் கம்பி போட்ட யன்னல், அதற்குப் பின்னால் அழுகிற கண்கள்.

"இது யாரும்மா? நாங்க எடுத்த படம் இல்லியே."

இப்படிப் போட்டால்தான் சனம் வரும் என்றார் ஏற்பாட்டாளர். நல்ல மனிசன்தான். எங்கோ விலைக்கு வாங்கிய படமாம்.

"இத எடுத்தாத்தான் நான் உள்ள வருவேன். அப்படியே சொல்லு."

கொஞ்சம் மிருதுவாக்கிச் சொல்லலாமோ என்று வாய்வரை வந்தது. ஆனால் ஈழத்தில் இருந்து அகதிகளாக வந்த எங்களையும் இந்த நாட்டுப் பேப்பர்கள் கனகாலம் முகாம் வாசலில் குந்தியிருக்கிற ஒரே படமாகத்தான் போட்டன. ஒரு சொல்லும் குறைக்காமல் சொன்னேன். ஏற்பாட்டாளர் தன் கையாலேயே போஸ்டரைக் கழற்றினார்.

"அப்ப எதைப் போடுவம்?" என்று அவர் கேட்டார்.

அக்கா ஒரு படத்தை எடுத்து நீட்டினார். அதில், படப்பிடிப்புக்கு வந்த சினிமாக்காரர் காமாத்திபுராத் தெருவில் வீட்டுக்கு வீடு சிவப்பு பல்பு மாட்டுகிறார்கள். மாடியில் ஆறு பெண்கள் கடலை கொறித்தபடி அதைப் பார்த்துச் சிரிக்கிறார்கள்.

"எங்க தெருவுல டியூப் லைட்டுதாங்க. பல்பு அவங்களோட வந்துச்சு, அவங்களோட போயிடுச்சு."

அந்தப் படத்தையே கதவில் ஒட்டினோம். மாலையில் கதிரை போதாமல் சனம் படிகளில் இருந்தது. சுவரெல்லாம் படங்கள்: பிள்ளையார் ஊர்வலம், அம்மாமார் வேலைக்குப் போக தன் முறைக்குப் பிள்ளைகளைப் பார்க்கிற ஒருத்தி, சொந்தக்காரர் வராத ஒருத்தியின் பாடையைத் தாங்களே தூக்குகிற பெண்கள். ஒரு வயதானவர் எழும்பி, இவ்வளவு சிரிப்பும் உண்மையோ என்று கேட்டார்.

"அழுகையும் இருக்குங்க. போலீஸ் அடிச்ச படமும் அந்தச் சுவத்துல இருக்கு. எங்க சினிமால சுவிட்சர்லாந்துன்னா சேலை கட்டிட்டுப் பனில ஆடுவாங்க. நீங்க தினம் ஆடுறீங்களா?"

ஜெர்மனில் நான் சொல்லி முடித்ததும் மண்டபம் சிரிப்பில் அதிர்ந்தது. கேட்டவரே முதலில் எழும்பிக் கைதட்டினார். பிறகு எல்லாரும் எழும்பினார்கள். அக்கா என் கையைப் பிடித்து மேலே உயர்த்தினார்.

மறுநாள் இருவரும் எங்கடின் மலைப் பள்ளத்தாக்குக்கு ரயில் ஏறினோம். இரண்டு மணித்தியாலம். அங்கே ஒரு ஹோட்டலின் பின்வாசலில் மட்டக்களப்பு அண்ணை ஒருவர் தேத்தண்ணியோடு நின்றார். அக்கா படம் எடுக்கலாமா என்று கேட்டார். "ஓம், ஆனா ஏப்ரனோட வேண்டாம்" என்று உள்ளே போய் நல்ல ஜாக்கெட் போட்டு வந்தார். அதுவரை அக்கா கமராவைத் தூக்கவேயில்லை.

கண்காட்சி மாத முடிவு வரை இருக்கும். கூர் ஸ்டேஷனில் இருந்து பத்து நிமிட நடை, அனுமதி இலவசம். ஹால்ப்டாக்ஸ் அட்டை இருந்தால் ரயில் டிக்கெட் பாதி விலை. வளர்ந்த பிள்ளைகளையும் கூட்டிப் போங்கோ. கேள்வி கேட்பார்கள், மழுப்பாமல் பதில் சொல்லுங்கோ. அடுத்ததாக சூரிச்சிலும் வைக்கக் கேட்டிருக்கிறார்கள். மொழிபெயர்ப்புக்கு அக்கா என் பெயரைத்தான் கொடுத்திருக்கிறார். நான் இப்போதே லீவு எழுதிக் கொடுத்துவிட்டேன்.