நான் மொழிபெயர்க்காத வாக்கியம்

பழவங்காடியிலிருந்து நடக்கும் தூரத்தில், நகர சுகாதாரப் பிரிவின் சின்ன ஆபீஸ் ஒன்றில் நான் கிளார்க். அங்கே தமிழ் வாசிக்கத் தெரிந்தவன் நான் ஒருவன்தான். சாக்கடை, குப்பை, புகை என்று தமிழில் வரும் புகார்களை மலையாளத்தில் எழுதி மேலே வைத்துக் கோப்பில் சேர்ப்பது என் வேலை. ஹெல்த் இன்ஸ்பெக்டர் மேல்தாளை மட்டும் படிப்பார். என்மேல் அவ்வளவு நம்பிக்கை. நான் இல்லாவிட்டால் இங்கே தமிழனுக்கு நாதியில்லை என்று வீட்டில் பீற்றிக்கொள்வேன்.

அந்தப் புகாரை எழுதியவர் நாகர்கோவில் பக்கத்திலிருந்து வாழ வந்த ஒரு பெண். பக்கத்துச் சமையல்கூடத்தின் கழிவுநீர் தினமும் தன் வீட்டு ஜன்னலுக்குக் கீழே வந்து தேங்குகிறது என்று எழுதியிருந்தார். கணவர் பக்கவாதத்தில் படுத்த படுக்கை. அறைக்கு அந்த ஒரு ஜன்னல்தான். 'திறந்தால் அவர் முதுகுப் புண்ணில் ஈ உட்காருகிறது, மூடினால் மூச்சு முட்டுகிறது என்கிறார்' என்று முடித்திருந்தார்.

விலாசத்தை இன்னொரு தரம் பார்த்தேன். அந்தச் சமையல்கூடம் என் அக்கா கணவருடையது. கல்யாண விருந்துக் காண்டிராக்ட். அப்போது முகூர்த்த மாதம் வேறு.

வீட்டில் நோயாளி இருப்பதாகப் புகாரில் இருந்தால் இன்ஸ்பெக்டர் நேரில் போயே ஆகவேண்டும் என்பது எங்கள் ஆபீஸ் நடைமுறை. நான் 'தினமும்' என்பதைச் 'சில சமயம்' ஆக்கினேன். கணவரையும் ஈயையும் அடியோடு விட்டுவிட்டேன். கை நடுங்கியது என்று சொல்ல ஆசைதான். நடுங்கவில்லை. கையெழுத்து வழக்கம்போல அழகாகவே இருந்தது. போனில் எச்சரித்தால் போதும் என்று இன்ஸ்பெக்டர் குறிப்பெழுதி மூடிவைத்தார்.

காதும் காதும் வைத்தாற்போல் முடித்துவிடலாம் என்று அன்று சாயந்திரம் அக்கா வீட்டுக்குப் போனேன்.

"இந்த முகூர்த்தமெல்லாம் கழியட்டும்டா, குழாய் போட்டுடலாம்" என்றார் அத்திம்பேர்.

"நீ ஆபீஸ்ல இருக்கறது எங்களுக்கு ஒரு தைரியம்" என்று அக்கா காபி கொடுத்தாள். குடித்தேன்.

அந்தப் பெண் இரண்டு முறை என்னைத் தேடி வந்தார். ஃபைல் போயிருக்கிறது, வருவார்கள் என்றேன். இரண்டு முறையும் நன்றி சொல்லிவிட்டுப் போனார். முகூர்த்தம் கழிந்தது, குழாய் வரவில்லை. மழைக்காலமும் வந்து போனது.

பிறகு ஒருநாள் மலையாளத்தில் ஒரு புகார் நேராக இன்ஸ்பெக்டர் கைக்குப் போய்விட்டது. அதே பெண்தான். மத்தியானமே இன்ஸ்பெக்டர் என்னையும் கூட்டிக்கொண்டு கிளம்பினார். ஜன்னல் இடுக்கிலெல்லாம் பழைய துணி திணித்திருந்தது. அந்தப் பெண் கணவரை ஒருக்களித்துப் படுக்கவைத்து முதுகைக் காட்டினார். நான் வாசல் பக்கம் திரும்பிக்கொண்டேன். இன்ஸ்பெக்டர் அங்கேயே நின்று சமையல்கூடத்துக்கு நோட்டீஸ் எழுதினார்.

வெளியே வந்ததும், "முந்தைய புகாரில் நோயாளி விஷயம் இல்லையே?" என்று மலையாளத்தில் கேட்டார்.

"அவங்க அப்போ எழுதலை சார்" என்று நானும் மலையாளத்தில் சொன்னேன். செய்ததற்கு வெட்கப்பட வேண்டியவன், பழியை அந்தப் பெண்மேலேயே போட்டேன். இன்றைக்கும் அதை நினைத்தால் உடம்பு கூசுகிறது.

இரண்டே நாளில் குழாய் போட்டார்கள். மறுநாள் காலை அந்தப் பெண் ஆபீஸுக்கு வந்து என் மேஜைக்கு முன்னால் தயங்கி நின்றார்.

"சார், தப்பா நினைக்கப்பிடாது கேட்டியளா. தமிழ்ல எழுதுனா வாசிக்க நம்ம ஆளு ஒருத்தரு இருக்காருன்னு எனக்குத் தெரியாதா? அடுத்த வீட்டு டீச்சர்தான் கேக்காம மலையாளத்துல எழுதித் தந்துட்டாங்க. உங்களத் தாண்டிப் போகணும்னு செய்யல சார்."

"பரவாயில்லைம்மா" என்று அவரை மன்னித்து அனுப்பினேன்.