ஐந்தாவது அளவு

சூடம் ஏற்றி, அதன் மேல் அடித்துச் செய்த சத்தியத்தைச் சந்தேகப்படுவது பாவம் என்று நம்பி வளர்ந்தவள் நான். இன்றும் அப்படித்தான் நம்புகிறேன். அதனால்தான் என் அண்ணன் மேல் வந்த கோபம் இத்தனை வருஷம் ஆகியும் எனக்கு ஆறவில்லை. என்னை ஏமாற்றப் பார்த்தார் என்பதைக்கூட விட்டுவிடலாம். அதற்கு அம்மனைச் சாட்சியாக நிறுத்தினார். அதை எப்படி விடுவது?

நான் பிறந்தது கோவிலம்பாக்கத்தில். வீட்டுக்கு நாங்கள் இரண்டே பிள்ளைகள், அண்ணனும் நானும். எட்டாவதோடு என் படிப்பை நிறுத்தி, பிறகு தாம்பரத்தில் கட்டிக்கொடுத்தார்கள். கணவருக்குத் திருமுடிவாக்கத்தில் ஒரு பட்டறையில் லேத் வேலை. வாடகை வீடு, ஒரே மகள். அப்பா விட்டுப் போனது ஒரு துண்டு நிலம். நெல் விளைந்த இடம், பிறகு முள் மண்டிக் கிடந்தது. சிறுசேரிப் பக்கம் கண்ணாடிக் கட்டடங்கள் எழும்ப ஆரம்பித்ததும் எங்கள் முள்காட்டுக்கும் மதிப்பு வந்துவிட்டது. பெண்பிள்ளைக்கும் சம பங்கு உண்டு என்று டீக்கடை வரைக்கும் பேச்சு நடந்த காலம் அது.

அப்பாவின் வருஷ திதி முடிந்த மறுவாரம் அண்ணன் பேச்சை எடுத்தார்.

“பாகம் பிரிச்சிக்கலாம் பாப்பா. ரோட்டு மேல கீற முன்பக்கம் எனக்கு. பின்பக்கம், வாய்க்கா ஓரம், உனக்கு. இன்னா சொல்ற?”

சாலையைப் பார்த்த இடம் அவருக்கு என்றதும் மனசுக்குள் ஒரு சின்ன முள் குத்தியது. ஆனாலும் அண்ணன், அப்பாவுக்குக் கொள்ளி வைத்தவர். விட்டுக்கொடுத்தேன்.

“பின்பக்கமே போதும்ணா. ஓரமா போகவர வழி விடு. ஆனா அளவு மட்டும் சமமா இருக்கணும்.”

“அதுல உனக்கு இன்னா டவுட்டு? வா கோயிலுக்கு.”

எங்கள் குலதெய்வம் அந்த ஊர் எல்லையில் இருக்கும் அம்மன். சின்ன வயதில் எனக்கு அம்மை போட்டபோது அவள் காலடியில் கிடந்துதான் பிழைத்தேன். அந்தச் சன்னதியில் அண்ணன் சூடம் ஏற்றினார். “என் பாகத்துல நாலு பக்கமும் இன்னா அளவோ, அதே அளவு நாலு பக்கமும் என் தங்கச்சிக்கு. ஒரு அடி கொறைச்சிருந்தா ஆத்தா என்னைக் கேக்கட்டும்” என்று சொல்லி, உள்ளங்கையால் சூடத்தை அடித்து அணைத்தார். எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இப்படி ஒரு அண்ணனைக் கொடுத்தாயே தாயே என்று அவள் முன்னால் விழுந்து கும்பிட்டேன். விழுந்ததை நினைத்தால் இன்றும் உடம்பு எரிகிறது.

பத்திர எழுத்தர் எழுதிக் கொடுத்த பாகப்பிரிவினைப் பத்திரத்தின் நகல் ஒன்றை அண்ணன் என்னிடம் தந்தார். “சும்மா படிச்சிக்கினு இரு. அடுத்த மாசம் ரெஜிஸ்டர்” என்றார். எட்டாவது படித்தவளுக்கு அது புரியாது என்று நினைத்திருப்பார். புரியத்தான் இல்லை. தமிழாகத்தான் இருந்தது, ஆனால் நான் பேசுகிற தமிழ் அதில் இல்லை. தாம்பரம் ரயில் நிலையத்துக்கு வெளியே பழைய புத்தகம் விற்பவரிடம், சட்டச் சொற்களுக்கு அர்த்தம் சொல்லும் ஒரு சின்னப் புத்தகம் வாங்கினேன். அடிவாங்கிய புத்தகம், முதல் பத்துப் பக்கம் இல்லை.

என் மகள் அப்போது ஒன்பதாவது. காலாண்டுத் தேர்வில் வடிவியலில் கோட்டை விட்டிருந்தாள். சாயங்காலம் விளக்கேற்றியதும் அவள் கூடத்தில் காம்பஸ் பெட்டியைத் திறந்து உட்காருவாள். நான் சாமிக்குப் பூ கட்டி முடித்துவிட்டு, பக்கத்தில் பத்திரமும் புத்தகமுமாக உட்காருவேன். ஒரே நோட்டுதான் இருவருக்கும். இடப்பக்கத்தில் அவள் முக்கோணம் வரைவாள். வலப்பக்கத்தில் நான் சொற்களை எழுதுவேன். ‘பாத்தியம்’ என்றால் உரிமை. ‘வில்லங்கம்’ என்றால் சொத்தின் மேல் அடமானமோ வழக்கோ இருப்பது. ‘செக்குபந்தி’ என்றால் நான்கு பக்கமும் எல்லை யார், எது என்பது. ‘கிழமேல்’ என்றால் கிழக்கு மேற்காக, ‘கீழ்புறம்’ என்றால் கிழக்குப் பக்கம். கடைசியில் வரும் ‘சொத்து விவரம்’தான் உயிர், அதில் எழுதியதுதான் கைக்கு வரும் என்று புத்தகம் சொன்னது.

“நீயும் பரீட்சை எழுதப்போறியாம்மா?” என்று கேலி செய்வாள்.

“எழுதுறேன். உன்னைவிட நாலு மார்க் கூட வாங்குவேன், பாக்கிறியா?”

சொத்து விவரத்தை எத்தனை முறை படித்திருப்பேன் என்று தெரியாது. வடபுறம் கிழமேல் நாற்பது அடி. தென்புறம் கிழமேல் நாற்பது அடி. கீழ்புறம் தென்வடல் ஐம்பத்தொன்று. மேல்புறம் தென்வடல் ஐம்பத்தொன்று. ஆக இரண்டாயிரத்து நாற்பது சதுர அடி. அண்ணன் பாகத்துக்கும் என் பாகத்துக்கும் ஓர் எண்கூட மாறவில்லை. படிக்கும்போதெல்லாம் சந்தோஷமாக இருக்கும். அதற்குக் கீழே ஒரு வரி: ‘மேற்படி அளவுகள் கூடினாலும் குறைந்தாலும் செக்குபந்திக்குக் கட்டுப்பட்டது.’ எண் எதுவானாலும் எல்லைக்குள் இருப்பதுதான் கிடைக்கும் என்று அதன் அர்த்தத்தையும் எழுதி வைத்தேன். எழுதினேனே தவிர யோசிக்கவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை. மகள் நாற்கரம் வரைந்துகொண்டிருந்தாள். “அம்மா, இது செம போர். நாற்கரம் வரைய அஞ்சு அளவு வேணுமாம். நாலு பக்கம் குடுத்தா பத்தாது. ஒரு மூலைவிட்டமோ கோணமோ குடுக்கணும்” என்றாள்.

“ஏன் பத்தாது? அதான் நாலு பக்கமும் குடுத்தாச்சே. இதோ மாமா பத்திரத்துல நாலுதான் இருக்கு.”

அவள் பத்திரத்தை எட்டிப் பார்த்தாள். “நாலுதான் இருக்கா? அப்ப இதை வரையவே முடியாதும்மா.”

எனக்கு விளங்கவில்லை. அவள் எழுந்து துடைப்பத்திலிருந்து நான்கு ஈர்க்குச்சி உருவினாள். இரண்டு நீளம், இரண்டு குட்டை. என் பூ நூலை எடுத்து மூலைக்கு மூலை கட்டினாள். தரையில் வைத்தாள். செவ்வகம். பிறகு ஒரு விரலால் மேல் குச்சியை மெதுவாக ஒரு பக்கம் தள்ளினாள். சட்டம் சாய்ந்தது.

“குச்சி எதாவது கொறைஞ்சுதா?”

“இல்ல.”

“உள்ள இருக்கிற இடம்?”

குறைந்திருந்தது. அவள் இன்னும் தள்ளினாள். நான்கு குச்சியும் ஒன்றோடு ஒன்று படுத்துக்கொண்டன. பக்கங்கள் எல்லாம் அப்படியே இருந்தன. உள்ளே ஒரு பூ வைக்கக்கூட இடம் இல்லை.

வாய்க்கால் ஓரத்து வரப்பு நேராகவா போகும்? சின்ன வயதில் அந்த வரப்பில் ஓடியிருக்கிறேனே! சாலையிலிருந்து பார்த்தால் கிழக்கே ஒதுங்கிச் சாய்ந்துதான் போகும். எனக்குத் தெரியும். தெரிந்தும், சூடம் அணைந்த வாசனையில் எல்லாம் மறந்து போயிருக்கிறது.

என் கணவர் வேலை விட்டு வந்ததும் கேட்டேன். அவர் தினமும் மூலைமட்டம் கையில் வைத்துத் தொண்ணூறு பாகை இருக்கிறதா என்று இரும்பைச் சோதிக்கிறவர். “நாலு அளவும் ஒண்ணாத்தானே இருக்கு? மச்சான் அப்படியெல்லாம் பண்ண மாட்டாரு” என்று சோற்றைப் பிசைந்தார். அன்று அவர் மேலும் கோபம். முதலாளியின் இரும்பு கோணக் கூடாது, பெண்டாட்டியின் நிலம் கோணலாம் போலிருக்கிறது.

ஆனால் ஞாயிற்றுக்கிழமை அவரே பட்டறையிலிருந்து நீள டேப்பைக் கொண்டுவந்து கொடுத்தார். நானும் மகளும் போனோம். என் பாகத்தின் நான்கு மூலையிலும் அண்ணன் கல் நட்டு வைத்திருந்தார். முள்ளை ஒதுக்கி, மகள் ஒரு மூலையில் நிற்க, நான் எதிர்மூலைக்கு டேப்பை இழுத்தேன். எழுபத்தெட்டு அடி. மற்ற இரண்டு மூலைக்கும் இழுத்தேன். நாற்பத்தெட்டு. சாய்வு இல்லாத செவ்வகம் என்றால் இரண்டும் ஒன்றாக இருக்க வேண்டும், அறுபத்தைந்துக்குச் சற்றுக் குறைவாக. மகள் வரப்பிலேயே உட்கார்ந்து, நிலத்தை இரண்டு முக்கோணமாகப் பிரித்து, மூன்று பக்கம் தெரிந்தால் பரப்பு காணும் சூத்திரத்தைப் போட்டாள். மூன்று முறை போட்டாள். ஆயிரத்து எண்ணூறும் கொஞ்சமும்தான் வந்தது. இருநூற்று முப்பது சதுர அடி குறைந்தது. நாங்கள் குடியிருந்த வீட்டின் கூடமும் அடுப்படியும் சேர்ந்தாலே அவ்வளவு வராது. முன்பக்கம் அண்ணன் பாகத்தையும் குறுக்கே இழுத்துப் பார்த்தோம். இரண்டு மூலையும் சரியாக ஒன்று. அவருடையது நேர் செவ்வகம்.

அண்ணனுக்கு ஃபோன் செய்தேன். “அதெல்லாம் ஃபோன்ல பேசாத. ரெஜிஸ்டர் அன்னிக்கு வா, பேசிக்கலாம்” என்று வைத்துவிட்டார்.

பதிவு நாள். சார்பதிவாளர் அலுவலகத்துக்கு எதிரே பத்திர எழுத்தரின் கொட்டகை. பத்திரம் தயாராக, கையெழுத்துக்கு மடித்து வைத்திருந்தது. நான் பேனாவைத் தொடவில்லை.

“அண்ணா, இதுல குறுக்கு அளவு இல்ல. அதை எழுதச் சொல்லு.”

“குறுக்கா? இன்னா குறுக்கு?”

“மூலைக்கு மூலை. என்னுது ஒரு பக்கம் எழுபத்தெட்டு, ஒரு பக்கம் நாப்பத்தெட்டு. உன்னுது ரெண்டும் ஒண்ணு. எனக்கு எடம் கொறையுது.”

அண்ணன் சிரித்தார், சுற்றி இருந்தவர்களுக்கும் கேட்கிறாற்போல. “எட்டாங்கிளாஸு, சர்வேயர் ஆயிட்டா பாரு! நாலு பக்கமும் சமமா கீதா இல்லியா? அதச் சொல்லு மொதல்ல.”

“பக்கம் சமம். எடம் சமமில்ல.”

“யாரும் மூலைவிட்டம் எல்லாம் பத்திரத்துல எழுதறது இல்லம்மா” என்று எழுத்தர் குறுக்கே வந்தார். பிறகு, என் முகத்தைப் பார்த்தோ என்னவோ, அண்ணன் பக்கம் திரும்பிச் சொல்லிவிட்டார்: “நான் அப்பவே சொன்னேன்ல அண்ணே, பின்பக்கம் சாய்ஞ்சிகினு போவுது, அளந்துட்டு எழுதிக்கலாம்னு. நீங்கதான் வேணான்னீங்க.”

அதுவரை எனக்கு ஒரு ஓரத்தில் ஆசை இருந்தது, அவருக்கும் தெரியாமல்தான் இருக்கும் என்று. அந்த ஆசை அங்கேயே செத்தது.

அண்ணனுக்கு முகம் கறுத்தது. “இன்னாமே, ஆளுங்க முன்னாடி அசிங்கப்படுத்துற? ஆத்தா மேல சூடம் அடிச்சி சத்தியம் பண்ணேன். அது பொய்யா? நாலு பக்கம்னேன், நாலு பக்கம் கரெக்டா கீது!”

அப்போதுதான் சன்னதியில் அவர் சொன்ன ஒவ்வொரு வார்த்தையும் எனக்குத் திரும்பக் கேட்டது. நிலம் சமம் என்று அவர் சொல்லவே இல்லை. நாலு பக்கமும் என்றார். அம்மன் முன்னால் நிற்கும்போதே வார்த்தையை அளந்து வைத்திருக்கிறார்.

எனக்குக் குரல் எழும்பாது, பழக்கமில்லை. அன்று எழும்பியது. “நாலுக்கு சத்தியம் பண்ண. சரி. வா இப்பவே ஊருக்குப் போலாம். அஞ்சாவது அளவுக்கு ஒரு சூடம் ஏத்து. எடமும் சமம்னு சொல்லி அடி. அடிச்சா, இங்கேயே வந்து கையெழுத்துப் போடறேன். நகலைக்கூட திரும்பப் படிக்க மாட்டேன்.”

அண்ணன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, வண்டியைக் கிளப்பிக்கொண்டு போய்விட்டார். அந்த மட்டுக்கும் அவருக்கு அம்மன் மேல் பயம் இருந்திருக்கிறது. பயம் இருந்த மனுஷன் முதலில் ஏன் அவளைக் கூப்பிட்டார் என்பதுதான் எனக்குத் தாங்கவில்லை.

ஒன்றரை மாதம் பேச்சுவார்த்தை இல்லை. பிறகு ஊர்ப் பெரியவர்கள் யாரோ சொல்லி, சர்வேயரை வைத்து அளந்தார்கள். மகளின் கணக்குக்கும் அவர் கணக்குக்கும் கையகலம்கூட வித்தியாசம் இல்லை. இரண்டு பாகத்தையும் கூட்டிப் பாதியாக்கினால், நடு எல்லையை அண்ணன் பக்கம் தள்ள வேண்டியது மூன்றடிக்கும் சற்றுக் குறைவு. அவ்வளவுதான். மூன்றடிக்காகவா அவளைச் சாட்சிக்கு இழுத்தாய் என்று அவரை உலுக்கிக் கேட்க வேண்டும் போல் இருந்தது. நூறடி என்றால்கூட ஆசை என்று புரிந்துகொண்டிருப்பேன்.

கல்லைத் தள்ளி நட்டு எழுதிய புதுப் பத்திரத்தில் நான்கு பக்கத்துக்குக் கீழே ஐந்தாவதாக ஒரு வரி இருக்கிறது: வடமேற்கு மூலையிலிருந்து தென்கிழக்கு மூலைக்குக் குறுக்களவு இத்தனை அடி. எழுத்தர் முணுமுணுத்துக்கொண்டே எழுதினார். நான் ஒவ்வொரு சொல்லையும் விரல் வைத்துப் படித்தபிறகே கையெழுத்துப் போட்டேன். அண்ணன் என் முகத்தைப் பார்க்காமல் போட்டார்.

அந்த வருஷம் எனக்குப் பிறந்த வீட்டிலிருந்து பொங்கல் சீர் வரவில்லை. அதற்குப் பிறகும் வரவில்லை. கரும்பும் மஞ்சளும் தாம்பரம் மார்க்கெட்டில் நாங்களே வாங்கிக்கொள்கிறோம்.

ஆடி மாதம் கூழ் ஊற்ற நான் போகாமல் இருந்ததில்லை. அது என் அம்மன், அவர் ஒருத்தருக்கு மட்டும் அம்மன் இல்லை. அண்ணன் ஆண்கள் வரிசையில் நிற்பார், நான் பெண்கள் வரிசையில். தட்டில் சூடம் வரும். இரண்டு கையாலும் ஒற்றி எடுத்துக் கண்ணில் வைத்துக்கொள்வேன். கோபத்தை எடுத்துவிடு தாயே என்று மட்டும் இதுவரை நான் வேண்டிக்கொண்டதில்லை. அவளுக்கும் அந்தக் கோபம் இருக்கும் என்றுதான் நினைக்கிறேன்.