சின்ன மணிக்கூண்டில் நாற்பத்தைந்து வினாடி

என்னைப் பார்த்தால் பொய் சொல்கிறவள் போலத் தெரியாது. பெருமைக்காகச் சொல்லவில்லை, என் முகவாக்கு அப்படி. பள்ளியில் ஜன்னல் கண்ணாடியை உடைத்தது நான் என்றால், அடி வாங்கியது பக்கத்தில் நின்றவள். அந்த முகத்தால் எனக்கு வந்த லாபங்களைப் பற்றி நிறையச் சொல்லலாம். நான் சொல்லப்போவது அதைப் பார்த்து நானே பயந்துபோன ஒரு நாளைப் பற்றி.

இரண்டாயிரத்து ஒன்பதின் கடைசி மாதங்கள். எனக்கு இருபத்து நான்கு வயது. டிப்ளமோ முடித்துவிட்டு உப்பளம் என்கிற பகுதியில் ஒரு பிரவுசிங் சென்டரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கவுண்ட்டரில் ஒரு கம்ப்யூட்டர், பிளைவுட் தடுப்பு வைத்த கேபின்களில் ஏழு. முதலாளி காலையில் ஒருமுறை தலைகாட்டுவார், அதோடு சரி. சாப்பாட்டு நேரம் முடிந்து இரண்டு மணியிலிருந்து நான்கு மணிவரை ஈ ஓட்டிக்கொண்டிருப்பேன். அந்த நேரத்தில்தான் பையன்கள் ஐந்து பேர் வருவார்கள்.

பையன்கள் என்று வழக்கத்தில் சொல்கிறேன். எல்லோரும் இருபது, இருபத்திரண்டு வயதுத் தடியன்கள். எங்கிருந்தோ ஒரு விளையாட்டை சிடியில் பிடித்துவந்து எல்லா மிஷினிலும் ஏற்றியிருந்தார்கள். அது என்ன விளையாட்டு என்று முதலில் எனக்கு விளங்கவேயில்லை. ஜெயிப்பது, தோற்பது எதுவும் கிடையாது. ஒரு வெட்டவெளி, கை நிறையச் சாமான். குளியல் தொட்டிக்குச் சக்கரம் மாட்டுவான் ஒருவன். அதற்குப் பின்னால் பத்து பலூனைக் கட்டிப் பறக்கவிடுவான் இன்னொருவன். கயிறு அறுந்தால் நிஜத்தில் விழுவதுபோலவே தொட்டி உருண்டு புரண்டு விழும். அதற்கு ஐந்து பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்கள். "வேல வெட்டி இல்லாதவனுங்க" என்று நான் வாய்விட்டே திட்டியிருக்கிறேன்.

பிறகு அதே விளையாட்டுக்குள் வேறு வேறு ஆட்டங்கள் இருப்பதைக் கண்டுபிடித்தார்கள். ஒன்றில் ஊர் மாதிரி ஓர் ஊர். ஒருவன் போலீஸ், ஒருவன் கடைக்காரன், ஒருவன் திருடன். அதில் சண்டைபோட்டே நேரம் போய்விடும். இன்னொன்று கண்ணாமூச்சி. பாதிப் பேர் நாற்காலியாகவோ வாளியாகவோ பூந்தொட்டியாகவோ மாறி அசையாமல் நிற்க வேண்டும். தேடுகிறவர்களுக்கு முதல் முப்பது வினாடி திரை இருட்டு. பிறகு வந்து சந்தேகப்பட்ட பொருளையெல்லாம் சுடலாம். ஆனால் நிஜ நாற்காலியைச் சுட்டுவிட்டால் அடி சுட்டவனுக்கே விழும்.

அந்தக் கண்ணாமூச்சிக்குத்தான் "ஆறாவதா ஒரு ஆள் வேணும்க்கா, வாங்கக்கா" என்று என்னை இழுத்தார்கள். கவுண்ட்டர் மிஷினில் உட்கார்ந்தபடியே நானும் வாளியாக மாறினேன். சொன்னால் சிரிப்பீர்கள், நிஜமாகவே உள்ளங்கை வியர்த்துவிட்டது. காலடிச் சத்தம் கிட்டே வரும், நிற்கும், திரும்பும். நான் நாற்காலியில் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். பயம் எனக்குச் சின்ன வயதிலிருந்தே கூடப்பிறந்தது. பயந்துகொண்டே ரசிக்க முடியும் என்பது மட்டும் எனக்குப் புதிது.

கடைசியாக வந்தது துரோகி ஆட்டம். ஆறு பேரும் ஒரே இடத்தில் உலாவிக்கொண்டிருப்போம். சட்டென்று திரையின் மூலையில் ஒரு நிறம் வரும். பச்சை என்றால் அப்பாவி, சிவப்பு என்றால் துரோகி. ஆறில் இரண்டு பேர் துரோகி. துரோகிகளுக்கு மட்டும் தங்கள் கூட்டாளி யாரென்று தெரியும், அப்பாவிகளுக்கு எதுவும் தெரியாது. யாரும் பார்க்காதபோது ஒவ்வொருவராகத் தீர்த்துக்கட்ட வேண்டும், மாட்டிக்கொண்டால் கூட்டாளியைக் காட்டிக்கொடுக்கக் கூடாது என்பது நான் சேர்த்த விதி. துரோகிக்கான இங்கிலீஷ் வார்த்தை 'டிரெய்ட்டர்' பையன்கள் வாயில் நுழையாது, 'டிரேடர்' என்றே சொல்வார்கள்.

அந்த ஆட்டத்தில் என்னை அடிக்க ஆளே இல்லை. இரண்டு பேரைக் கொன்றுவிட்டு மூன்றாமவன் பக்கத்தில் போய் நிற்பேன். "அக்கா டிரேடரா இருக்க மாட்டாங்கடா" என்று அவனே எனக்காகப் பேசுவான். இத்தனைக்கும் தடுப்புக்கு மேல் எட்டி என் முகத்தைப் பார்த்துவிட்டுத்தான் சொல்வான்.

ஐந்து பேரில் ஒருவன் கவுண்ட்டரை ஒட்டிய மூலைக் கேபினில் உட்காருவான். கருவடிக்குப்பத்துக்காரன். அவன் அப்பா மில்லில் இருந்தவர். மில் மூடிய பிறகு தட்டாஞ்சாவடியில் ஒரு கம்பெனி வாசலில் செக்யூரிட்டி. இவன் கேட்டரிங் படித்துவிட்டு, ஒரு பயணிகள் கப்பலின் சமையல்கட்டில் வேலைக்குத் தேர்வாகியிருந்தான். பாஸ்போர்ட் வந்தால் கப்பல், வராவிட்டால் அப்பாவோடு வாசலில் இன்னொரு நாற்காலி. விண்ணப்பத்தை நிரப்பிக்கொடுத்தது நான்தான். போலீஸ் வெரிஃபிகேஷன் மட்டும் பாக்கி. தினமும் வந்ததும் அதைப் பார்க்கச் சொல்வான். "எந்த ஸ்டேஷன்லயும் பேரு ஏறாம இருந்தா போதும்க்கா, வந்துடும்" என்பான்.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். விளையாட்டில் வந்த இடங்களுக்கு எங்கள் ஊரில் இருக்கிற இடங்களின் பேரையே வைத்திருந்தோம். அது ஏதோ வெள்ளைக்கார ஊர். ஆனால் "அந்த வளைவுக்குப் பின்னாடி இருக்கிற சந்து" என்று சொல்லிக்கொண்டிருக்க யாருக்குப் பொறுமை? ஓடையைப் பெரிய வாய்க்கால் என்றோம். கடலோரத்து மரப்பாலம் பழைய துறைமுகம் ஆனது. கடிகாரம் வைத்த குட்டைக் கோபுரத்துக்குச் சின்ன மணிக்கூண்டு என்று பேர் வைத்தது நான். அதற்குக் கைதட்டல்கூட வாங்கினேன்.

அன்றைக்கு ஒரு பெரியவர் வந்தார். பிரெஞ்சு பட்டாளத்தில் வேலை பார்த்துவிட்டுப் பென்ஷன் வாங்குகிறவர், எங்கள் ஊரில் சொல்தா என்போம். வருஷத்துக்கொருமுறை தான் உயிரோடு இருப்பதாகச் சான்று அனுப்ப வேண்டும், அந்தப் படிவத்தைப் பிரிண்ட் எடுக்க வந்திருந்தார். "சீக்கிரம் குடும்மா, வூட்டுக்காரி மீன் வாங்கறேன்னு சின்ன மணிக்கூண்டாண்ட எறங்கிட்டா, காத்துனு இருப்பா" என்றார். பிரிண்டர் வழக்கம்போல முனகிக்கொண்டிருந்தது. அவர் எங்களுக்கு முதுகைக் காட்டி, சுவர்க் காலண்டரைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

அந்த ஆட்டத்தில் எனக்குச் சிவப்பு. மூலைக் கேபின்காரனும் சிவப்பு. துரோகிகளுக்கு ஒரு குண்டு கிடைக்கும். அதை வைத்து நேரம் குறித்துவிட்டால், அப்பாவிகள் கண்டுபிடிப்பதற்குள் வெடித்துவிடும். மற்ற நான்கு பேரும் காதில் ஹெட்போன் மாட்டியிருந்ததால் அவர்களுக்குக் கேட்காது என்ற தைரியத்தில், தடுப்பில் வாயை வைத்துக் கிசுகிசுத்தேன்.

"பாம் வெச்சிட்டேன். சின்ன மணிக்கூண்டுல. நாப்பத்தஞ்சு செகண்டுதான். அந்தப் பக்கம் போயிடாத."

நிமிர்ந்தபோது பெரியவரைக் காணோம். பிரிண்டரில் அவர் உயிரோடு இருப்பதற்கான படிவம் பாதி வெளியே வந்து நின்றது. வெற்றிலை போடப் போயிருப்பார் என்று நினைத்தேன். அடுத்த ஆட்டத்தையும் ஆரம்பித்துவிட்டோம்.

அரைமணி நேரம் இருக்கும். வாசலில் ஜீப் வந்து நின்றது. முதலில் எங்கள் ஊர்ச் சிவப்புத் தொப்பி வைத்த இரண்டு போலீஸ்காரர்கள், பின்னால் எஸ்.ஐ., அவருக்குப் பின்னால் பெரியவர். அவர் சட்டை முழுக்க வியர்வை. அந்த வயதில் சின்ன மணிக்கூண்டுவரை ஓடி, மீன்கூடைகளுக்கு நடுவில் வீட்டுக்காரியைத் தேடி இழுத்துக்கொண்டு வந்திருக்கிறார். அங்கே இன்னமும் கடைகளை மூடச்சொல்லித் துழாவிக்கொண்டிருக்கிறார்களாம். இதையெல்லாம் எஸ்.ஐ. கத்திய கத்தலில்தான் தெரிந்துகொண்டோம்.

"பாம் வெச்சிட்டேன்னு சொன்னது எவன்டா?"

பெரியவர் கைநீட்டினார். "அந்த மூலைலேர்ந்துதான் சார் கொரலு வந்துச்சு. கிசுகிசுன்னு." கிசுகிசுப்பில் ஆண்குரல், பெண்குரல் தெரியாது. அவர் விரல் எனக்கும் மூலைக் கேபினுக்கும் நடுவில் நின்றது. எஸ்.ஐ.யின் கண் என் மேல் ஒரு வினாடிகூடத் தங்கவில்லை. நேராகக் கேபினுக்குப் போய்விட்டது.

நான் வாயைத் திறந்திருக்க வேண்டும். "விளையாட்டுல நான்தான் சார் சொன்னேன்" என்று ஒரே ஒரு வாக்கியம். ஆனால் ஞாயிற்றுக்கிழமை விழுப்புரத்திலிருந்து பெண் பார்க்க வருவதாக இருந்தார்கள். போலீஸ் ஜீப்பில் ஏறிய பெண்ணை யார் பார்க்க வருவார்கள், அப்பா தெருவில் எப்படி நடப்பார், இதெல்லாம் ஒரு நொடியில் ஓடியது. நான் வாளியாகி நின்றேன். அசையவில்லை.

மூலைக் கேபினில் ஒரு கை உயர்ந்தது.

"நாந்தான் சார். கேம்ல சொன்னேன்."

அவனைச் சட்டைக் காலரைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனார்கள். போகும்போது அவன் என் பக்கம் திரும்பவேயில்லை. மற்ற பையன்களில் ஒருவன் சொன்னான், "அவனுக்கு எதுக்குடா இந்த வாயி? பாஸ்போர்ட் போச்சு." இன்னொருவன் என்னைப் பார்த்துவிட்டு, "அக்கா பாவம்டா, பயந்துட்டாங்க. தண்ணி எடுத்துக் குடு" என்றான். கொடுத்தார்கள். நானும் வாங்கிக் குடித்தேன். அந்தத் தண்ணீரைக் குடித்ததற்காக இன்றைக்கும் என்மேல் எனக்குக் கோபம் வரும்.

தண்ணீர் உள்ளே போன பிறகுதான் அறிவு வந்தது. கடையைப் பையன்களிடம் விட்டுவிட்டு ஸ்டேஷனுக்கு நடந்தேன். போகிற வழியெல்லாம் திரும்பிவிடு, திரும்பிவிடு என்றே உள்ளுக்குள் ஒன்று சொல்லிக்கொண்டிருந்தது.

அவன் பெஞ்ச்சில் உட்கார்ந்திருந்தான். ஒரு கன்னம் சிவந்திருந்தது. ஏட்டு எழுதிக்கொண்டிருந்தார். "டிரேடர்னு சொல்றியே, இன்னா வியாபாரம் பண்ற?" என்று அவனைக் கேட்டுக்கொண்டிருந்தார். வேறு ஒரு நாளாக இருந்தால் சிரித்திருப்பேன்.

எஸ்.ஐ. முன்னால் போய் நின்று சொல்லிவிட்டேன். "சார், அவன் சொல்லல. சொன்னது நான்."

அவர் என்னை மேலிருந்து கீழே பார்த்தார். பிறகு சிரித்தார். "தம்பிய காப்பாத்த வந்தியாம்மா? நல்ல மனசுதான். ஆனா போலீஸ்கிட்ட பொய் சொல்லக் கூடாது. உன் மூஞ்சியே சொல்லுது."

"சத்தியமா நான்தான் சார்."

"அவனே ஒத்துக்கிட்டாம்மா." குரல் மாறியது. "இங்க பாரு. அங்க ஒண்ணும் இல்லன்னு ஆகிப்போச்சு, கேஸ் போடல. பெரியவரு குடுத்த கம்ப்ளெயின்ட்ட முடிக்கணும், அவ்ளோதான். வெளயாட்டுல அவன் சொன்னத நீ பக்கத்துல இருந்து கேட்டேன்னு சாட்சிக் கையெழுத்து போடு. இப்பவே கூட்டினு போயிடலாம், வெரிஃபிகேஷனுக்கும் ஒண்ணும் வராது. இல்ல, நான்தான் நான்தான்னு கொழப்புனா ரெண்டு பேரு மேலயும் போடுவேன்."

பெஞ்ச்சிலிருந்து அவன் கண்ணாலேயே 'போடுங்க' என்றான். 'மேற்படி நபர் கூறியதை நான் என் காதால் கேட்டேன்' என்று எழுதியிருந்ததற்குக் கீழே கையெழுத்துப் போட்டேன். உண்மையைச் சொல்லப் போன இடத்தில் பொய்யை எழுதிக் கொடுத்துவிட்டு வந்தேன்.

வெளியே வந்ததும் அழுதுவிட்டேன். "எதுக்குடா நீ கைய தூக்கின?"

"நீங்கதானேக்கா சொல்லிக் குடுத்தீங்க. பார்ட்னர காட்டிக் குடுக்கக் கூடாதுன்னு." கன்னத்தைத் தடவிக்கொண்டே சொன்னான்.

அடுத்த ஏழு வாரமும் நான் பட்ட பாட்டை எழுதி மாளாது. தினமும் அந்தப் பக்கத்தைத் திறப்பேன், 'காவல்துறை அறிக்கைக்குக் காத்திருக்கிறது' என்றே இருக்கும். அவன் கேட்பதற்கு முன்னால் நானே பார்த்துவிடுவேன், அவன் வந்து நிற்கும்போது என் முகம் தயாராக இருக்க வேண்டுமே. அவனை வேலைக்கு எடுப்பதாகச் சொன்ன கப்பல் போய்விட்டது. துரோகி ஆட்டத்தை யாரும் பேச்சுக்குக்கூட எடுக்கவில்லை. பொங்கல் கழிந்து ஒரு மத்தியானம் எழுத்து மாறியிருந்தது. 'காவல்துறை ஆட்சேபம் ஏதுமில்லை.' பாஸ்போர்ட் வந்தது, வேறொரு கப்பல் கிடைத்தது.

கப்பலுக்குப் போவதற்கு முந்தின நாள் வந்தான். டீ வாங்கிக் கொடுத்தேன். குடித்து முடித்து, டம்ளரைக் கவுண்ட்டரில் வைத்துவிட்டு மெல்லக் கேட்டான்.

"அக்கா, அன்னிக்கு நான் கைய தூக்காம இருந்திருந்தா, நீங்க தூக்கியிருப்பீங்கதானே?"

அந்த இடத்தில், அந்த நேரத்தில், ஜீப் வாசலில் நிற்கும்போது தூக்கியிருப்பேனா? இல்லை. இது எனக்கு அன்றைக்கே தெரியும்.

"தூக்கியிருப்பேன்டா" என்றேன்.

அவன் என் முகத்தைப் பார்த்தான். பிறகு நிம்மதியாகத் தலையாட்டிவிட்டுக் கிளம்பினான். அவனும் நம்பிவிட்டான்.