டிரெய்லர் நிற்கும் தெரு

ஜானட்டுக்கு வேலையும் வீடும் ஒரே தெருவில்தான். எர்ணாவூர் பக்கம், எண்ணூர் போகும் பெரிய சாலையிலிருந்து பிரிகிற அந்தத் தெருவின் ஒரு பக்கம் வீடுகள், எதிர்ப்பக்கம் முழுக்கக் கன்டெய்னர் யார்டின் மதில். தெரு முடிகிற இடத்தில் யார்டின் கேட். அங்கே கண்ணாடிக் கூண்டுக்குள் உட்கார்ந்து, துறைமுகத்திலிருந்து கன்டெய்னர் ஏற்றி வரும் டிரெய்லர் லாரிகளுக்கு டோக்கன் கொடுப்பது அவள் வேலை.

கணவன் சாவியோவும் அதே யார்டில்தான் வேலை பார்த்தான். ஒரு கோடையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவன் எழுந்திருக்கவில்லை. அடக்கம் முடிந்த கொஞ்ச நாளில் மேனேஜர் பரசுராமன் வீடு தேடி வந்தார். கேட்டில் வந்து உட்காரச் சொன்னார். அவருக்காக வேண்டாமல் அன்றிலிருந்து அவள் ஒரு ஜெபத்தையும் முடித்ததில்லை.

மகள் மெர்லின் காசிமேட்டில் வாழ்க்கைப்பட்டவள். தலைப்பிரசவத்துக்கு வரப்போகிறாள் என்றதும், இருக்கிற ஒற்றை அறை போதாது, மாடியில் ஒரு ரூம் எடுத்துவிடலாம் என்று ஜானட் முடிவு செய்தாள். பிளான் போட்டுக் கொடுக்கும் தாமோதரனிடம் பத்திர நகலைக் கொடுத்துவிட்டு வந்தாள். அடுத்த வாரம் அவனே கேட்டுக்கு வந்து கூண்டின் ஓட்டை வழியாகக் குனிந்தான்.

"யக்கா, உங்க தெருவ இண்டஸ்ட்ரியல் ஜோனா மாத்தச் சொல்லி மனு போட்டுகீறாங்க. பேப்பர்லயே விளம்பரம் வந்துட்ச்சி. மாத்திட்டாங்கன்னா அப்பால வூடு கட்ட அனுமதி தரமாட்டாங்க. கீற வூட்ல அப்டியே குந்திகினு இருக்க வேண்டியதுதான்."

யார் போட்டது என்று கேட்டாள். அவன் அவள் தலைக்கு மேலே இருந்த யார்டின் பெயர்ப் பலகையைப் பார்த்தான்.

அன்று ஒரே டோக்கனை இரண்டு வண்டிக்குக் கொடுத்துத் திட்டு வாங்கினாள். தெருவில் யாராவது டேப் பிடித்து அளந்தால், அது கேபிள்காரனாகவே இருந்தாலும், போய் எதற்கு என்று விசாரித்தாள். இந்தத் தெரு வீடுகளுக்கான தெருவா இல்லையா என்பதை எங்கோ ஒரு அலுவலகத்தில், ஒரு வரைபடத்தில் நிறம் மாற்றித் தீர்மானிக்க முடியும் என்பதே அவளுக்குப் புதிது. அவளும் சாவியோவும் கல் கல்லாகச் சேர்த்துக் கட்டிய வீடு அது.

இரண்டு நாள் தயங்கிவிட்டுப் பரசுராமனிடம் போனாள். மாடி ரூம் விஷயத்தைச் சொன்னாள். தெருவிலேயே வண்டிகள் நிற்பதால் பிரசவ நேரத்தில் என்ன ஆகுமோ என்று பயமாக இருப்பதையும் சொன்னாள். அவர் பொறுமையாகக் கேட்டார்.

"உன்ன யாரும் காலி பண்ணச் சொல்லமாட்டாங்கம்மா. ஒவ்வொருத்தரா அவங்களே வித்துட்டுப் போவாங்க. நல்ல வெலை வரும்போது நீயும் குடுத்துட்டு, மணலி புதுநகர் பக்கம் ஒரு நல்ல எடமாப் பாத்துக்க."

அவர் அதை நல்லெண்ணத்தோடுதான் சொன்னார். அதுதான் அவளை அதிகமாகப் பயமுறுத்தியது. எல்லாம் நடந்து முடிந்த கதையைச் சொல்வதுபோல இருந்தது அவர் பேச்சு.

தெருமுனை வீட்டு வெள்ளத்துரை துறைமுகத்தில் இழுவைப் படகில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். ஆட்சேபணை மனு எழுதி வீடு வீடாகக் கையெழுத்து வாங்கினார். அவர் வருகிற சத்தம் கேட்டதும் ஜானட் டிவியை அணைத்துவிட்டுக் கதவுக்குப் பின்னால் நின்றாள். அவர் இரண்டு தரம் கூப்பிட்டுப் பார்த்துவிட்டுப் போனார். கையெழுத்துப் போட்டால் வேலை போகும், போடாவிட்டால் வீடு போகும். சொந்த வீட்டுக்குள் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றதை நினைத்து அவளுக்கு வெட்கமாக இருந்தது. ஆனாலும் கையெழுத்துப் போடவில்லை.

ஒரு சனிக்கிழமை முற்பகல் யார்டில் சர்வர் படுத்துவிட்டது. கம்ப்யூட்டரில் பதியாமல் வண்டியை உள்ளே விட முடியாது. பெரிய சாலையில் நின்றால் போலீஸ் அபராதம் போடும், எல்லாவற்றையும் தெருவுக்குள் வரிசையாக நிறுத்தச் சொல் என்று உத்தரவு வந்தது. எப்போதும் செய்வதுதான். ஜானட் டோக்கனைக் கையால் எழுதிக் கொடுத்து ஒவ்வொன்றாக நிற்க வைத்தாள். மதிய வெயில் ஏறியபோது, பிரசவத்துக்காக வந்து வீட்டில் இருந்த மெர்லினிடமிருந்து போன் வந்தது. பனிக்குடம் உடைந்துவிட்டது.

ஜானட் ஓடினாள். ஆட்டோ தெருமுனையோடு நின்றுவிட்டிருந்தது. டிரெய்லர்களுக்கும் வீட்டுச் சுவர்களுக்கும் நடுவே ஒரு ஆள் நடந்து போகும் இடம்தான். ஒரு வண்டியைப் பின்னால் எடுக்கச் சொன்னால், அதற்குப் பின்னால் இன்னொன்று நின்றது. டிரைவர்கள் பாதிப்பேர் டீக்கடைக்குப் போயிருந்தார்கள். மெர்லின் சுவரைப் பிடித்துக்கொண்டே நடந்தாள். பக்கத்தில் சூடான டயர்கள், தலைக்கு மேலே இரும்புப் பெட்டிகள். கண்ணாடிக்குப் பின்னால் செருகியிருந்த ஒவ்வொரு டோக்கன் சீட்டிலும் ஜானட்டின் கையெழுத்து. பாதி வழியில், "மம்மி, என்னால முடியல" என்று மெர்லின் ஒரு வீட்டுப் படியில் உட்கார்ந்துவிட்டாள்.

வெள்ளத்துரைதான் பிளாஸ்டிக் நாற்காலி ஒன்றைக் கொண்டு வந்தார். அவரும் ஒரு லாரி டிரைவருமாக அதில் அவளை உட்கார வைத்து, தோள் உயரத்துக்குத் தூக்கி, தெருமுனைக்குக் கொண்டு சேர்த்தார்கள். ஆஸ்பத்திரியில் ஏன் இவ்வளவு தாமதம் என்று டாக்டரம்மா கடிந்துகொண்டார். பெண் குழந்தை. பிறந்ததும் அழவில்லை. கொஞ்ச நேரம் கழித்து அழுதது. அந்தக் கொஞ்ச நேரத்தை ஜானட் யாரிடமும் விவரித்துச் சொன்னதில்லை.

ஆட்சேபணைகளைக் கேட்கும் கூட்டம் நகரமைப்பு அலுவலகத்தில் நடந்தபோது அவளும் போனாள். முன் வரிசையில் யார்டின் வக்கீலும் பரசுராமனும் உட்கார்ந்திருந்தார்கள். அந்தத் தெருவில் இப்போதே தொழில்தான் நடக்கிறது, வீடுகள் பேருக்குத்தான், யாருக்கும் பாதிப்பில்லை என்றார் வக்கீல். வெள்ளத்துரை எழுந்து, அந்த ஊரின் கதையைத் துறைமுகம் வந்த காலத்திலிருந்து ஆரம்பித்தார். அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். வேறு யாராவது உண்டா என்று கேட்டார்.

ஜானட் எழுந்தாள். பரசுராமன் இருந்த பக்கம் பார்க்கவில்லை.

"நான் அந்தத் தெருவுலதான் கீறேன் சார். யார்டுலதான் வேலை செய்றேன். எம் பொண்ணுக்கு வலி எடுத்தப்போ தெருவ அடைச்சிகினு நின்ன வண்டிங்கள நிக்க வச்சதே நான்தான். இப்பவே இப்டி கீது. மொத்தத்தையும் யார்டுன்னு எழுதிட்டீங்கன்னா, அங்க ஆளுங்க குடியிருக்காங்கன்றதே யாருக்கும் தெரியாம பூடும்."

அவ்வளவுதான் பேச வந்தது. கூட்டம் முடிந்ததும் அலுவலக மாடிப்படியில் பரசுராமன் அவளுக்காகக் காத்திருந்தார்.

"எங்கிட்ட சொல்லியிருக்கலாமே ஜானட்."

"சொன்னேன் சார்."

அவர் இறங்கிப் போனார். மறு வாரம் அவளைச் சாத்தாங்காட்டில் இருக்கும் இன்னொரு கிடங்குக்கு மாற்றினார்கள். இரண்டு பஸ் மாற வேண்டும், நாள் முழுக்க நின்றுகொண்டே வேலை. வேலையைவிட்டுத் தூக்கவில்லையே என்று நிம்மதிப்பட்டாள். தூக்காமல் விட்டது பரசுராமனாகத்தான் இருக்கும் என்றும் தோன்றியது.

மாதக்கணக்கில் ஒரு தகவலும் இல்லை. தபால்காரர் தெருவில் நுழைந்தாலே வாசலுக்கு வந்துவிடுவாள். மழைக்காலம் முடிந்து தாமோதரன் செய்தி கொண்டுவந்தான். அதே மனுவில் சேர்த்திருந்த, யார்டுக்குப் பின்னால் இருக்கும் காலி மனையை மட்டும் மாற்ற அனுமதி. வீட்டு வரிசை குடியிருப்பாகவே இருக்கும். வண்டிகள் இனிப் பின்பக்கச் சாலை வழியாகத்தான் போக வேண்டும். அவள் அங்கேயே தரையில் உட்கார்ந்து அழுதாள்.

மாடி ரூம் எழும்பியது. பூச்சு காய்ந்துகொண்டிருந்தபோது வெள்ளத்துரை வந்து, தன் வீட்டை விற்றுவிட்டதாகச் சொன்னார். வாங்கியவர் யார்டுக்காகத்தான் வாங்குகிறார் என்பது தெருவுக்கே தெரியும். "புள்ளைங்க கேக்கல ஜானட்டு" என்று மட்டும் சொன்னார். அவள் அவரைக் கோபிக்கவில்லை. நாற்காலியில் மகளைத் தூக்கிய கைகள் அவருடையவை. ஆனால் அவர் போன பிறகு வெகுநேரம் எதிர்மதிலையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த வருஷமே இன்னும் இரண்டு வீடுகள் கைமாறிப் பூட்டிக் கிடந்தன. ஒன்றில் டயர்கள் அடுக்கினார்கள். வீடு என்று காகிதத்தில் இருந்தது, ஆள் இல்லை. மறுபடி யாராவது மனுப் போட்டால், வீடுகள் பேருக்குத்தான் என்று வக்கீல் அன்று சொன்னது இந்தத் தடவை உண்மையாகவே இருக்கும்.

மெர்லின் கைக்குழந்தையோடு காசிமேட்டுக்குத் திரும்பியிருந்தாள். மாடி ரூமைச் சாமான் போட வாடகைக்குக் கேட்டு ஒருவன் வந்தான். கேட்டதைக் கொடுக்கவும் தயாராக இருந்தான். ஜானட் மறுத்துவிட்டாள். குடும்பமாக வருகிறவர்களுக்குத்தான் என்று தெரிந்தவர்களிடமெல்லாம் சொல்லி வைத்தாள். கடைசியில் ஜெயஸ்ரீ என்ற நர்ஸ், புருஷனோடும் பள்ளிக்கூடம் போகிற மகளோடும் வந்து பார்த்தாள். தண்ணீர் வருமா, ஸ்கூல் வேன் தெருவுக்குள் வருமா என்று கேட்டாள். எல்லாம் வரும் என்றாள் ஜானட். சொல்லிவிட்டு, அவர்கள் சாமானோடு வந்து இறங்குகிற வரைக்கும், மனசு மாறிவிடுவார்களோ என்று தினமும் தெருமுனையைப் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள்.