ராமாமணி கேட்ட பதினைந்து நாள்

வாய் திறக்காத குழந்தையிடம் அதன் ஊரை எப்படிக் கேட்டு வாங்குவது? இந்தக் கதையைக் கேள்விப்படும் முன் யாராவது என்னைக் கேட்டிருந்தால் விழித்திருப்பேன்.

ராமாமணி சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு காப்பகத்தின் சிமெண்டுத் தரையில் உட்கார்ந்துவிட்டார். கோவைக் கல்லூரியொன்றில் சமூகப்பணி கற்பிப்பவர். வெள்ளிக்கிழமைகளில் குழந்தைகள் நீதிமன்றத்தில் கௌரவ உறுப்பினர். நடையில் எப்போதும் பஸ்ஸைத் துரத்துகிற வேகம். கைப்பையில் காகிதங்களைவிட வறுகடலைதான் அதிகம். எந்தக் குழந்தையிடமும் முதலில் பெயர் கேட்கமாட்டார். "பேரைக் கேட்டே எல்லாரும் பயமுறுத்திப் போட்டிருப்பாங்க" என்பார்.

எதிரே ஆறு வயதுச் சிறுமி. மண்டித் தெருவில் தனியாக நின்றவள். நாலு நாளாகப் பேச்சில்லை. காப்பக எழுத்தர் பாலுசாமி படிவத்தில் 'ஊமை, அநாதை' என்று எழுதி, மறுநாள் சென்னை விடுதிக்கு அனுப்ப உத்தரவும் தயாராக வைத்திருந்தார். ராமாமணி கையெழுத்துப் போட வேண்டியதுதான் பாக்கி. சென்னைக்குப் போய்விட்டால் பெற்றவள் எங்கே போய்த் தேடுவாள்? பதினைந்து நாள் தேடிப் பார்க்காமல் எந்தக் குழந்தையையும் மாவட்டம் தாண்டி அனுப்பக் கூடாது என்று ஆறு வருஷமாக அரசாங்கத்துக்கு எழுதி வருகிறவர் அவர்.

கடலையை நீட்டினார். சிறுமி கை நீட்டினாள். விரல் நுனிகளெல்லாம் பழுப்பேறிக் கறுத்திருந்தன. ராமாமணி அந்தக் கையை முகர்ந்து பார்த்தார், துள்ளி எழுந்தார்.

"பாலுசாமி, இது பாக்கு உரிச்ச கைங்க. பாக்குக் களமெல்லாம் மேட்டுப்பாளையத்துலதானுங்க, அங்க பஸ் எப்பங்க?"

"ஏனுங்கம்மா, கறைய நம்பியா போறது?"

"நீங்க எதை நம்பி ஊமைன்னு எழுதினீங்க?"

ராமாமணி சிறுமியைக் கூட்டிக்கொண்டு பஸ் ஏற, பாலுசாமியும் கூடவே கிளம்பினார். காரமடை தாண்டியதும் சிறுமி ஜன்னல் கம்பியைப் பிடித்து எழுந்து நின்றாள். பாலுசாமி நிமிர்ந்து உட்கார்ந்தார். மேட்டுப்பாளையத்தில் இரண்டு பாக்குக் களங்களில் உதட்டைப் பிதுக்கினார்கள். மூன்றாவதில் மண்டிக்காரர் நாகூர் மீரான், "நம்ம களத்து மாசாணியம்மா புள்ளைதானுங்களே இது" என்று ஓடிவந்தார். பாக்கு மூட்டை ஏற்றிய லாரியில் ஏறித் தூங்கிப்போனவள், கோவையில் கண் விழித்திருக்கிறாள்.

மாசாணியம்மாள் ஓடி வந்தாள். ஆனால் மகளைத் தொடவில்லை. அதிகாரி போலிருந்த ராமாமணியைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டாள். இந்த வயதில் பாக்கு உரிக்க விட்டவளிடமா பிள்ளையைத் திருப்பிக் கொடுப்பது, சட்டம் ஒன்று இருக்கிறதே என்று பாலுசாமி முணுமுணுத்தார்.

"அந்தச் சட்டத்தை நாந்தானுங்க காலேஜுல சொல்லிக் குடுக்கறேன். அம்மாவைத் தண்டிக்கறதுக்கா இவ்வளவு தூரம் வந்தோம்?" என்றவர் மாசாணியம்மாள் பக்கம் திரும்பினார். "திங்கக்கெழம இவளப் பள்ளிக்கூடத்துல சேத்தோணும். நானே வந்து பாப்பேன். இப்பத் தூக்கிக்க அம்மணி."

"கனகம்" என்று தாய்க்குக் குரல் வந்ததும், "அம்மா" என்று அலறிக்கொண்டு பாய்ந்தாள் சிறுமி.

ராமாமணி பாலுசாமியிடமிருந்து சென்னை உத்தரவை வாங்கி நான்காகக் கிழித்தார்.

அவர் கேட்கும் பதினைந்து நாள் விதி இன்னும் வரவில்லை. அது வரும்வரை, இதைப் படித்த நீங்கள் உங்கள் ஊர் பஸ் நிலையத்திலும் போலீஸ் ஸ்டேஷனிலும் கனகத்தின் கதையைச் சொல்லிவையுங்கள்.