ஒத்திகைக்கு மட்டும் தர்கெட்டில்

லண்டனில் வேலை கிடைத்த புதிதில், கேம்பர்வெல்லில் ஒரு மாடி அறையை வாடகைக்குக் கேட்கப் போனேன். நார்ஃபோக்கில் பன்றி வளர்க்கும் எங்கள் குடும்பத்தில் முதல் பி.ஏ. நான். கதவு திறந்ததுமே அதைச் சொல்லிவிட்டேன். திறந்த வீட்டுக்காரி, ஹெட்டி தர்கெட்டில் என்பவள், ஏப்ரனில் கையைத் துடைத்துக்கொண்டே, "பட்டமெல்லாம் சரிப்பா. கிளாரினெட் சத்தம் தாங்குவியா, அதைச் சொல்லு," என்றாள்.

உள்ளே சமையலறையில், கொதிக்கும் உருளைக்கிழங்குக்குப் பக்கத்தில் நின்று அவள் புருஷன் அமோஸ் வாசித்துக்கொண்டிருந்தார். ஒல்லியான மனிதர். நான் வந்ததை அவர் கவனிக்கவில்லை. கிழங்கு பொங்கியதையும்தான்.

லண்டன் ஆர்க்கெஸ்ட்ராக்களில் அப்போது ஒரு வழக்கம் இருந்தது. நாற்காலி ஒருவர் பெயரில் இருக்கும். அவருக்கு வேறெங்காவது நல்ல கூலி கிடைத்தால் ஒத்திகைக்குத் தனக்குப் பதிலாக ஓர் ஆளை அனுப்பிவிட்டு, கச்சேரிக்கு மட்டும் வந்து உட்கார்ந்துகொள்வார். அமோஸ் அந்தப் பதில் ஆள். ஊரில் உள்ள பெரிய இசையெல்லாம் அவருக்குத் தெரியும். கூட்டம் நிறைந்த மண்டபத்தில் ஒன்றைக்கூட வாசித்ததில்லை.

"சமையல் பூரா இவரு பண்ணுவாரு," என்பாள் ஹெட்டி. "சாப்பிட வேற ஆளு வருவான்."

அந்த வருடம்தான் முதல் முறையாக அமோஸுக்கென்று ஒரு நாற்காலி கிடைத்தது. பெல்கிரேவியாவில் ஒரு பிரபு வீட்டில், குளிர்காலம் முழுக்க வாரா வாரம் நடனம். அந்தக் கூலியை நம்பி ஹெட்டி மாடி அறைக் கணப்புக்கும் கரி போடுவதாக எனக்கு வாக்குக் கொடுத்திருந்தாள்.

அதே சமயத்தில் ஒரு புது சிம்பொனி வந்தது. எழுதியவர் ஹார்போர்ட் என்பவர்; ஹெரிஃபோர்டு பக்கம் தேவாலயத்தில் ஆர்கன் வாசிப்பவர். முன்னால் நின்று கோலசைத்து நடத்துவதும் அவரே. கிளாரினெட் நாற்காலி க்ரூட்சன் என்பவருடையது. அவர் ஸ்டிராண்ட் தெருவில் ஒரு நாடகக் கொட்டகையில் வாசித்துக்கொண்டிருந்ததால் ஒத்திகைக்கு அமோஸ் போனார். ஒரு விடுமுறை நாளில் நானும் கூடப் போனேன்.

மூன்றாம் பகுதி மெதுவாக நகர்வது. வயலின்கள் ஒவ்வொன்றாக அடங்கிப்போக, கிளாரினெட் தனியாக நிற்கும். அமோஸ் வாசித்தார். ஹார்போர்ட் கோலைக் கீழே வைத்தார்.

"உங்க பேரு என்ன சார்?"

"தர்கெட்டில்ங்க."

"மிஸ்டர் தர்கெட்டில், நான் அதை இப்படி நினைச்சு எழுதல. ஆனா நீங்க வாசிக்கறதுதான் சரி. என் கையைப் பார்க்காதீங்க. மூச்சு இருக்கற வரைக்கும் போங்க, நாங்க காத்திருக்கோம். கச்சேரி அன்னைக்கும் இதே மாதிரி வாசிச்சிடுங்க."

பாவம், அவர் வெளியூர்க்காரர்; பதில் ஆள் வழக்கம் தெரியாது. செல்லோக்காரர்கள் குனிந்து தங்கள் பூட்ஸைப் பார்த்தார்கள். ஒருவர் இருமினார். அமோஸ், "சரிங்க," என்றார்.

டிராமில் திரும்பும்போது கேட்டேன். "அவர்கிட்ட உண்மையைச் சொல்லியிருக்கலாமே?"

"என்னன்னு சொல்றது? இது என் மூச்சு, நாற்காலி வேறொருத்தனுதுன்னா?"

நேராக வீட்டுக்குப் போகாமல், கொட்டகைக்குப் பக்கத்து மதுக்கடையில் க்ரூட்சனைப் பிடித்தோம். கெட்ட மனிதரில்லை. எங்களுக்கும் பீர் வாங்கித் தந்தார்.

"என் கோட்டைக் கேளு அமோஸ், இங்கயே கழட்டித் தர்றேன். நாற்காலியைக் கேக்காத. புது சிம்பொனிய்யா, பத்திரிகைக்காரனெல்லாம் வருவான்." பிறகு சிரித்தார். "அன்னைக்கு அதைவிட நல்ல கூலி எங்கயாவது வந்தா வேற கதை. அப்ப கச்சேரிக்கும் உன்னையே அனுப்பிடுவேன்."

அமோஸ் மீசையில் ஒட்டிய நுரையை மெதுவாகத் துடைத்தார்.

"பெல்கிரேவியா நடனம் அன்னைக்குத்தான் ஆரம்பம். என் பேர்ல இருக்கு. எடுத்துக்கோ."

"ஒரு நாளுக்கா?"

"ஒரு நாளுக்குன்னா வருவியா?"

"மாட்டேன்."

"அப்ப குளிர்காலம் பூராவும் வெச்சுக்கோ."

க்ரூட்சன் சிரிப்பை நிறுத்திவிட்டு அவரையே பார்த்தார். பிறகு கை நீட்டினார்.

விஷயம் தெரிந்ததும் ஹெட்டி புருஷனிடம் பேசுவதை நிறுத்தினாள். சொல்ல வேண்டியதையெல்லாம் என் வழியாகச் சொன்னாள்.

"பி.ஏ. சார், உங்க காலேஜ்ல இதுக்கு என்ன பேரு?"

"எதுக்கு?"

"கரியைக் குடுத்துட்டுக் காத்தை வாங்கறதுக்கு."



ஆனாலும் கச்சேரிக்கு வந்தாள். மேல்தளத்தின் கடைசி வரிசையில் என் பக்கத்தில் தொப்பியைக் கழற்றாமல் உட்கார்ந்தாள். அச்சடித்த நிகழ்ச்சித் தாளில் க்ரூட்சன் பெயர்தான் இருந்தது. மூன்றாம் பகுதி வந்தது. வயலின்கள் அடங்கின. ஹார்போர்ட் கையைத் தாழ்த்திக்கொண்டு காத்திருந்தார், அத்தனை பெரிய மண்டபமும் கூடவே காத்திருந்தது. அமோஸ் அவசரப்படவே இல்லை.

"இந்த இடத்துலதான் வீட்ல கிழங்கு பொங்கும்," என்று என் காதில் சொன்னாள் ஹெட்டி. கையுறையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

மறுநாள் பத்திரிகை திரு. க்ரூட்சனைப் புகழ்ந்திருந்தது. அமோஸ் அதைப் படித்துவிட்டு, "நல்லாத்தான் எழுதியிருக்கான்," என்றார். ஹெட்டி அதை வாங்கி அடுப்புப் பற்றவைத்தாள். அந்தக் குளிர்காலம் முழுக்க சமையலறையைத் தவிர வேறெங்கும் நெருப்பில்லை. நானும் கீழே இறங்கி வந்து அங்கேதான் படித்தேன்.

அமோஸ் தர்கெட்டில் இப்போதும் அதே வீட்டில் இருக்கிறார். பெல்கிரேவியா நாற்காலி இன்னும் க்ரூட்சனிடமே இருக்கிறது. அந்த சிம்பொனியை இந்த மாதம் மறுபடி வாசிக்கிறார்கள். ஒத்திகைக்கு அமோஸ் போகிறார்.